உங்களுக்குத் தெரியுமா? – வீட்டைக் காலி செய்யச் சொல்லும் நோட்டீஸ்

வாய்ச்சொல் போதாது

“இந்த மாசக் கடைசிக்குள்ள வீட்டைக் காலி பண்ணிடுங்க.” மாடிப்படியில் நின்றபடி வீட்டுக்காரர் இப்படிச் சொல்லிவிட்டுப் போனால், குடியிருப்பவருக்குக் கை ஓடாது, கால் ஓடாது. பிள்ளைகளின் பள்ளிக்கூடம், கொடுத்துவைத்த அட்வான்ஸ், இனி எங்கே வீடு பார்ப்பது என்று மனம் அலைபாயும். பதற வேண்டாம். குடித்தனத்தை முடித்துக்கொள்ளும் நோட்டீஸ் எழுத்தில் இருக்க வேண்டும் என்கிறது 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், பிரிவு 106. கொடுப்பவரோ, அவர் சார்பாக ஒருவரோ அதில் கையெழுத்துப் போட்டிருக்க வேண்டும். வாசலில் சொன்ன வார்த்தைக்கும், கையெழுத்தில்லாத துண்டுச்சீட்டுக்கும் அந்த மதிப்புக் கிடையாது.

வக்கீல்தான் அனுப்ப வேண்டுமா?

இல்லை. வீட்டுக்காரரே ஒரு வெள்ளைத்தாளில் எழுதிக் கையெழுத்திட்டு அனுப்பினாலும் செல்லும். வக்கீலிடம் போவது, வீட்டின் விவரம், பாக்கித் தொகை, தேதி இவற்றில் பிசகு வராமல் இருக்கத்தான். அந்த முன்யோசனை நல்லதே.

எத்தனை நாள்?

குடியிருப்பு வீடு, கடை போன்ற மாத வாடகைக்கு 15 நாள். விவசாயத்துக்கோ, பொருள் உற்பத்திக்கோ விடப்பட்ட இடம் ஆண்டுக் குத்தகையாகக் கருதப்படும். அதற்கு 6 மாதம். இவை ஒப்பந்தத்தில் எதுவும் சொல்லப்படாதபோது பொருந்தும் கணக்கு. அக்ரிமென்ட்டில் இரண்டு மாதம், மூன்று மாதம் என்று எழுதியிருந்தால் அதுவே செல்லும். ஆகவே கையில் நோட்டீஸ் வந்ததும் முதலில் தேட வேண்டியது பீரோவில் இருக்கும் அக்ரிமென்ட்டை.

இதே விதி குடியிருப்பவருக்கும் உண்டு. நாளைக்குக் கிளம்புகிறேன் என்று சாவியை நீட்டிவிட்டு முழு அட்வான்ஸையும் உடனே கேட்க முடியாது. அவரும் உரிய காலம் கொடுத்து எழுத்தில் தெரிவிக்க வேண்டும்.

எந்த நாளிலிருந்து எண்ணுவது?

நோட்டீஸில் போட்டிருக்கும் தேதியிலிருந்து அல்ல. அது உங்கள் கைக்கு வந்து சேர்ந்த நாளிலிருந்து. 2002ஆம் ஆண்டின் கடைசி நாளில் நடைமுறைக்கு வந்த திருத்தம் இதைத் தெளிவாக்கியது. அதற்கு முன்பு நிலைமை வேறு. வாடகை மாதம் முடியும் நாளோடு நோட்டீஸின் கெடுவும் முடிய வேண்டும். ஒரு நாள் முன்னே பின்னே போனாலும் நோட்டீஸ் செல்லாது. நியாயமான காரணம் இருந்தும், தேதிக் கணக்கு ஒன்றாலேயே ஆண்டுக்கணக்கில் நடந்த வழக்குகள் தோற்றுப் போயின. இன்று அந்தப் பொறி இல்லை. நோட்டீஸில் 10 நாள் என்று குறைத்தே போட்டிருந்தாலும், வழக்கு 15 நாள் கழிந்த பிறகு தாக்கலாகியிருந்தால் அந்தக் குறையை மட்டும் காட்டி நோட்டீஸைத் தள்ளிவிட முடியாது. எனவே ‘நாள் தப்பு, நோட்டீஸ் செல்லாது’ என்று பழைய கதையை நம்பிச் சும்மா இருந்துவிடாதீர்கள்.

கொடுக்கும் வழிகள்

தபாலில் அனுப்பலாம். நேரில் கையில் கொடுக்கலாம். குடியிருப்பவர் இல்லாதபோது அவர் குடும்பத்தில் ஒருவரிடமோ வீட்டு வேலையாளிடமோ அவர் வசிக்கும் இடத்தில் கொடுக்கலாம். இவை எதுவும் நடக்காவிட்டால், கட்டடத்தில் எல்லார் கண்ணிலும் படும் இடத்தில் ஒட்டலாம். ஒட்டுவது கடைசி வழி. முதல் நாளே கதவில் ஒட்டிப் படம் எடுத்து அக்கம்பக்கத்துக்குக் காட்டுவது அவமானப்படுத்துவது. சட்டம் அதற்காக அந்த வழியை வைக்கவில்லை.

வாங்காமல் திருப்பி அனுப்பினால்?

இந்த ஒரு தவறான நம்பிக்கையால் கெட்டுப்போனவர்கள் ஏராளம். ‘வக்கீல் நோட்டீஸா? வாங்காதே, திருப்பி அனுப்பிவிடு’ என்று சொல்ல ஒவ்வொரு தெருவிலும் ஒருவர் இருக்கிறார். தபால்காரர் அந்த உறையின் மேல் நீலப் பேனாவால் ‘வாங்க மறுப்பு’ என்று எழுதித் தேதியும் சுருக்கொப்பமும் போட்டு அனுப்பியவருக்கே திருப்பிவிடுவார். அனுப்பியவர் அதைப் பிரிப்பதில்லை. பிரிக்காத அந்த உறையையே நீதிமன்றத்தில் சான்றாவணமாகத் தாக்கல் செய்வார். சரியான முகவரிக்கு, தபால் கட்டணம் செலுத்தி, பதிவு செய்து தபாலில் போட்ட கடிதம் சேர்ந்துவிட்டதாகக் கொள்ளலாம் என்கிறது பொது உட்பிரிவுகள் சட்டத்தின் 27ஆம் பிரிவு. மறுத்தவருக்கும் நோட்டீஸ் சேர்ந்ததாகவே நீதிமன்றங்கள் எடுத்துக்கொள்கின்றன. சேரவில்லை என்று மெய்ப்பிக்கும் சுமை பிறகு மறுத்தவர் தலையில்.

ஆக, மறுத்தவருக்கு நாள் ஓடிக்கொண்டிருக்கும். உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று மட்டும் தெரியாது. பாக்கி எவ்வளவு, எந்தத் தேதிக்குள் கட்டினால் தப்பலாம் என்ற விவரமே அந்த உறைக்குள் இருந்திருக்கும். கையெழுத்துப் போட்டு வாங்குங்கள். வாங்குவதால் எதையும் ஒப்புக்கொண்டதாக ஆகாது.

பதிவுத் தபால் எங்கே?

2025இல் அஞ்சல் துறை பதிவுத் தபாலைத் தனிச் சேவையாக நிறுத்தி ஸ்பீட் போஸ்ட்டோடு இணைத்துவிட்டது. இப்போது ஸ்பீட் போஸ்ட்டிலேயே பதிவு வசதியைக் கூடுதலாகக் கேட்டு வாங்க வேண்டும். ரசீதையும், பட்டுவாடா விவரம் காட்டும் இணையப் பக்கத்தின் அச்சுப் பிரதியையும் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

வாட்ஸ்அப்பில் வந்தால்?

106ஆம் பிரிவு சொல்லும் வழிகளில் வாட்ஸ்அப் இல்லை; அந்தச் சட்டம் எழுதப்பட்டது 19ஆம் நூற்றாண்டில். அதற்காக அந்தச் செய்தியை அழித்துவிடாதீர்கள். யார், எப்போது, என்ன சொன்னார் என்பதற்கு அது பிற்பாடு சாட்சியாக உதவும். மிரட்டல் இருந்தால் கட்டாயம் வைத்திருங்கள்.

நோட்டீஸ் என்பது உத்தரவு அல்ல

இதை மனத்தில் பதித்துக்கொண்டால் பாதிப் பயம் போய்விடும். ‘இந்நோட்டீஸ் கிடைத்த 15 தினங்களுக்குள் காலி செய்து எனது கட்சிக்காரர் வசம் சுவாதீனம் ஒப்படைக்கத் தவறினால்…’ என்று வக்கீல் நோட்டீஸ் எவ்வளவு கடுமையாக எழுதப்பட்டிருந்தாலும், 16ஆம் நாள் காலையில் யாரும் உங்கள் பாத்திரம் பண்டங்களைத் தெருவில் வைக்க முடியாது. அந்த நாளில் வீட்டுக்காரருக்குக் கிடைப்பது நீதிமன்றத்துக்குப் போகும் உரிமை மட்டுமே. நீங்கள் எதிர்வாதம் செய்ய வாய்ப்புத் தரப்பட்டு, விசாரணை நடந்து, உத்தரவு வந்து, அது நிறைவேற்றப்பட்டால்தான் வீடு கைமாறும்.

எந்த நீதிமன்றம்?

தமிழ்நாட்டு நகர்ப்புறங்களுக்கு 2017ஆம் ஆண்டின் நில உரிமையாளர், வாடகைதாரர் உரிமைகள் மற்றும் பொறுப்புகள் ஒழுங்குமுறைச் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. வாடகை அதிகாரி, வாடகை நீதிமன்றம், வாடகைத் தீர்ப்பாயம் என்று மூன்று படி. காலி செய்ய உத்தரவிடும் அதிகாரம் வாடகை நீதிமன்றத்துக்குத்தான். அதுவும் 21ஆம் பிரிவில் சொல்லியிருக்கும் காரணங்களில் ஒன்று இருந்தால்: வாடகை பாக்கி, அனுமதியின்றி உள்வாடகை, இடத்தைத் தவறாகப் பயன்படுத்துவது, பெரிய பழுதுபார்ப்பு அல்லது இடித்துக் கட்டுவது, வீட்டுக்காரரின் சொந்தத் தேவை முதலியவை. ‘பிடிக்கவில்லை’ என்பது அந்தப் பட்டியலில் இல்லை.

எழுதாத குடித்தனம் ஆபத்து

அதே பட்டியலின் முதல் காரணம் பலரைத் திடுக்கிட வைக்கும்: எழுத்து மூலமான ஒப்பந்தம் போட்டுக்கொள்ளத் தவறியது. ‘இருபது வருஷமாக வாய் வார்த்தையில்தான் இருக்கிறோம், அவர் தங்கமான மனுஷர்’ என்று இருப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். அந்தத் தங்கமான மனுஷர் காலமாகி, வீடு பிள்ளைகள் கைக்கு வரும்போதுதான் வினை. ஒப்பந்தத்தை எழுதி வாடகை அதிகாரியிடம் பதிந்து எண் வாங்கிக்கொள்ளுங்கள். இணையம் வழியாகவே செய்யலாம். 11 மாத அக்ரிமென்ட் போடும் வழக்கம், ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையைச் சார்பதிவாளரிடம் பதிய வேண்டும் என்பதால் வந்தது. வாடகை அதிகாரியிடம் பதிவது அதிலிருந்து வேறு. 11 மாதம் என்பதால் அதற்கு விலக்கு இல்லை.

இரண்டு மாத பாக்கி, ஒரு மாத அவகாசம்

நோட்டீஸ் உண்மையில் உயிர்காக்கும் இடம் இது. இரண்டு மாத வாடகை நின்றுவிட்டால் வீட்டுக்காரர் நேரே நீதிமன்றத்துக்கு ஓட முடியாது. முதலில் கேட்பு நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அதையும் சொத்து மாற்றுச் சட்டம் சொன்ன முறையிலேயே சேர்ப்பிக்க வேண்டும். அது சேர்ந்த ஒரு மாதத்துக்குள் பாக்கி, இதர கட்டணம், தாமத வட்டி எல்லாவற்றையும் சேர்த்து வீட்டுக்காரரிடமோ வாடகை நீதிமன்றத்திலோ கட்டிவிட்டால், அந்தப் பாக்கியைக் காரணம் காட்டிக் காலி செய்ய உத்தரவிட முடியாது. பாதி கட்டி மீதிக்குத் தவணை கேட்பது இங்கே உதவாது. முழுவதும் கட்ட வேண்டும்.

வேலை போனவர், ஆஸ்பத்திரிச் செலவில் மூழ்கியவர், சீட்டுப் பணம் வருமென்று காத்திருப்பவர், இவர்களுக்கெல்லாம் அந்த ஒரு மாதம் பெரிய பிடிமானம். ஆனால் இதையே வாடிக்கையாக்க முடியாது. ஒருமுறை தப்பியவர் பிறகு ஓராண்டில் தொடர்ந்து இரண்டு மாதம் மறுபடியும் வாடகையை நிறுத்தினால் அந்தச் சலுகை கிடையாது. வாடகையை நம்பியே மருந்து வாங்கும் வயதான வீட்டுக்காரர்களும் நம் ஊரில் நிறைய இருக்கிறார்கள். சட்டம் அவர்களையும் நினைத்திருப்பது சரிதான்.

அந்தக் காலத்தில் இரண்டு மாதம்

சென்னை மாகாணத்தில் வாடகைக் கட்டுப்பாடு போர்க்காலத்தில், 1941ஆம் ஆண்டு ஆணையோடு வந்தது. பிறகு 1946, 1949 சட்டங்கள். கடைசியாக 1960ஆம் ஆண்டின் 18ஆம் சட்டம். இந்த 1960 சட்டம் ஏறக்குறைய அறுபது ஆண்டுகள் நம் ஊர் வீட்டுக்காரரையும் குடியிருப்பவரையும் ஆண்டது. அதன்படி வாடகை தவறினால் மட்டும் போதாது. ‘வேண்டுமென்றே’ தவறியதாக இருக்க வேண்டும். வீட்டுக்காரர் இரண்டு மாத நோட்டீஸ் கொடுத்தும் கட்டாவிட்டால் அது வேண்டுமென்றே செய்தது ஆகும் என்று ஒரு விளக்கமும் இருந்தது. அந்த விளக்கத்துக்கு என்ன பொருள் என்ற கேள்வி உச்ச நீதிமன்றம் வரை போனது. சுந்தரம் பிள்ளை – பட்டாபிராமன் வழக்கில் 1985இல் தீர்ந்தது. நோட்டீஸ் கொடுக்கப்பட்டு அந்த இரண்டு மாதத்துக்குள் கட்டியவரை வேண்டுமென்றே தவறியவர் என்று சொல்ல முடியாது என்றது நீதிமன்றம்.

ஏழு நீதிபதிகள், ஒரு தமிழ்நாட்டு வழக்கு

வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில் காரணம் காட்டி வெளியேற்றக் கேட்கும்போது, சொத்து மாற்றுச் சட்டத்தின்படி தனியாகக் குடித்தனம் முடிக்கும் நோட்டீஸும் வேண்டுமா? ஆம் என்றும் இல்லை என்றும் தீர்ப்புகள் மாறி மாறி வந்தன. 1979இல் தனபால் செட்டியார் – யசோதை அம்மாள் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு, தேவையில்லை என்று முடிவு கட்டியது. ஆகவே மாநில வாடகைச் சட்டத்தின் கீழ் வழக்கு என்றால், அந்தச் சட்டமே எந்தக் காரணத்துக்கு நோட்டீஸ் கேட்கிறது என்று பார்க்க வேண்டும். வாடகை பாக்கிக்குக் கேட்கிறது. தவறான பயன்பாட்டுக்கும் கேட்கிறது: நிறுத்தச் சொல்லி நோட்டீஸ் கொடுத்தும் நிறுத்தாமல் தொடர்ந்திருக்க வேண்டும். வாடகைச் சட்டம் எட்டாத குடித்தனங்களுக்கு 106ஆம் பிரிவு முழுமையாகப் பொருந்தும்.

வாடகையை வாங்க மறுக்கிறாரா?

சிலர் வேண்டுமென்றே வாடகையை வாங்காமல் இழுத்தடித்து, பிறகு ‘பாக்கி’ என்று நோட்டீஸ் விடுவார்கள். அடுத்த மாதம் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடாதீர்கள். மணியார்டரில் அனுப்புங்கள். தொடர்ந்து இரண்டு மாதம் அதையும் வாங்காவிட்டால் வாடகை அதிகாரியிடம் செலுத்தலாம். திரும்பி வந்த மணியார்டர் சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். நீங்கள் தவறவில்லை என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை.

உள்ளே வரவும் நோட்டீஸ்

வீடு வீட்டுக்காரருடையதுதான். ஆனாலும் பழுதுபார்க்கவோ பார்வையிடவோ வருவதென்றால் குறைந்தது 24 மணி நேரம் முன்னதாக எழுத்தில், காரணமும் நாளும் நேரமும் குறிப்பிட்டுச் சொல்லிவிட்டு வர வேண்டும். மாற்றுச் சாவி போட்டுத் திறப்பது குற்றம் வரை போகக்கூடிய விஷயம்.

கரண்டைப் பிடுங்கினால்?

மோட்டார் ஸ்விட்சை அணைத்துவைப்பது, மெயின் ஃப்யூஸைக் கழற்றிப் போவது, கக்கூஸ் தண்ணீரை நிறுத்துவது, மாடிப்படி விளக்கை எடுத்துவிடுவது. நோட்டீஸ் கொடுக்கப் பொறுமையில்லாதவர்கள் எடுக்கும் ஆயுதங்கள் இவை. கைக்குழந்தையும் முதியவரும் இருக்கும் வீட்டில் இது கொடுமை. குடிநீர், மின்சாரம், படி, லிஃப்ட், துப்புரவு எல்லாமே அத்தியாவசிய வசதிகள். தகராறு எதுவாக இருந்தாலும் நிறுத்தக்கூடாது என்கிறது 2017 சட்டம். வாடகை அதிகாரியிடம் மனு கொடுத்தால் விசாரணை முடிவதற்கு முன்பே மீண்டும் தரச் சொல்லி இடைக்கால உத்தரவு போட அவருக்கு அதிகாரம் உண்டு.

பூட்டுப் போட்டுவிட்டாரா?

உடைமையில் நிலைபெற்றிருப்பவரைச் சட்ட வழியில் அல்லாமல் வெளியேற்ற முடியாது என்று கிருஷ்ணராம் மஹாலே வழக்கில் (1989) உச்ச நீதிமன்றம் உறுதியாகச் சொல்லியிருக்கிறது. குத்தகைக் காலம் முடிந்தவருக்கும் இந்தப் பாதுகாப்பு உண்டு. ஊருக்குப் போய்த் திரும்பி வரும்போது கதவில் புதுப் பூட்டு தொங்கினால், குறிப்பிட்ட தீர்வு வழிச் சட்டத்தின் 6ஆம் பிரிவில் வழக்குப் போட்டு உடைமையைத் திரும்பப் பெறலாம். வீடு யாருக்குச் சொந்தம் என்ற கேள்வியே அங்கே எழாது. ஒரே நிபந்தனை, ஆறு மாதத்துக்குள் வர வேண்டும். காவல் நிலையத்தில் கூப்பிட்டு ‘காலி செய்து கொடு’ என்று எழுதி வாங்குவதும் சட்டத்தில் இல்லாத வழி. உரிமையியல் தகராறைத் தீர்ப்பது காவல் துறையின் வேலை அல்ல.

வீடு விற்கப்பட்டால்

புது உரிமையாளர் உங்களோடு மறுபடி ஒப்பந்தம் போடாமலேயே பழையவரின் உரிமைகள் அவருக்கு வந்துவிடும்; நோட்டீஸும் அவர் கொடுக்கலாம். விற்ற விவரம் தெரியாமல் பழையவரிடமே வாடகை கொடுத்திருந்தால் மறுபடி கொடுக்க வேண்டியதில்லை. சொத்து மாற்றுச் சட்டத்தின் 109ஆம் பிரிவு காப்பாற்றும்.

குடியிருந்தவர் இறந்துவிட்டால்

வாரிசுகள் கூட்டாகக் குடித்தனக்காரர் ஆவார்கள். அவர்களில் ஒருவருக்குக் கொடுத்த நோட்டீஸே எல்லாருக்கும் போதும் என்பது 1989இல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. அண்ணன் வாங்கி மேசைக்குள் போட்டுவிட்டு வாயைத் திறக்காவிட்டால் அம்மாவுக்கும் தங்கைக்கும் சேர்த்து நாள் ஓடும். குடும்பத்துக்குள் சொல்லிவிடுங்கள்.

நோட்டீஸுக்குப் பின் வாடகை வாங்கினால்

நோட்டீஸ் காலம் முடிந்தபின் சேர்ந்த வாடகையை வீட்டுக்காரர் ஏற்றுக்கொண்டால் நோட்டீஸைக் கைவிட்டதாகக் கொள்ள சொத்து மாற்றுச் சட்டத்தின் 113ஆம் பிரிவில் இடமுண்டு. ஆனால் ஒரு மாத வாடகையை வாங்கிவிட்டார் என்பதே முடிவாகிவிடாது. அதைக் கைவிடும் எண்ணம் அவருக்கு இருந்ததா என்று பார்க்க வேண்டும் என்று சரூப் சிங் குப்தா வழக்கில் (2006) உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த வீட்டுக்காரர் வாடகையை வாங்கிக்கொண்டே வழக்கையும் நடத்தினார். வாங்கியது அவருக்குப் பாதகமாகவில்லை.

ஒத்தி வீடு வேறு கணக்கு

மொத்தமாகப் பணம் கொடுத்து, வாடகையில்லாமல் இருந்து, போகும்போது பணத்தைத் திரும்ப வாங்கும் ஒத்தி அல்லது போக்கியம் முறையாக எழுதிப் பதியப்பட்டிருந்தால் அது அடமானம். பணத்தைத் திருப்பித் தந்தால்தான் வீட்டைக் கேட்க முடியும். 15 நாள் நோட்டீஸ் இங்கே வேலை செய்யாது. பதியாமல் ஸ்டாம்ப் பேப்பரில் மட்டும் எழுதி லட்சக்கணக்கில் கொடுப்பவர்களைப் பார்த்தால் நெஞ்சு பதறுகிறது.

கோயில் மனையில் இருப்பவர்கள்

கோயில் இடங்களுக்கு 1959ஆம் ஆண்டின் இந்து சமய அறநிலையச் சட்டம் பொருந்தும். குத்தகை முடிந்தும் இடத்தை விடாதவரை ஆக்கிரமிப்பாளராகக் கருத 78ஆம் பிரிவு வகை செய்கிறது. இணை ஆணையர் நோட்டீஸ் கொடுத்து விளக்கம் கேட்ட பிறகே அகற்ற உத்தரவிடலாம். அந்த விளக்கத்தைத் தேதிக்குள் கொடுங்கள்.

கொரோனா நாட்களில்

2020 மார்ச் 29 அன்று மத்திய உள்துறை ஓர் ஆணை போட்டது: வாடகைக்கு இருக்கும் தொழிலாளர்களிடம் ஒரு மாத வாடகை கேட்கக் கூடாது, தொழிலாளரையும் மாணவரையும் காலி செய்யச் சொல்லும் வீட்டுக்காரர்கள் மீது நடவடிக்கை பாயும். பேரிடர் மேலாண்மைச் சட்டத்தின் கீழ் வந்த ஆணை அது.

பதிலும் கேவியட்டும்

நோட்டீஸுக்குப் பதில் அனுப்பாவிட்டால் தண்டனை இல்லை. ஆனால் ‘ஐந்து மாத பாக்கி’ என்ற பொய்யான கணக்கை மறுக்காமல் விட்டால், பிற்பாடு நீதிமன்றத்தில் ‘அப்போதே ஏன் சொல்லவில்லை?’ என்ற கேள்வி வரும். ரசீது எண்களைக் குறிப்பிட்டு ஒரு பக்கப் பதில் போதும். உங்களுக்குத் தெரியாமல் உரிமையியல் நீதிமன்றத்தில் இடைக்கால உத்தரவு வாங்கிவிடுவார்களோ என்ற அச்சம் இருந்தால், உங்களைக் கேட்காமல் உத்தரவு போட வேண்டாம் என்று முன்கூட்டியே கோரும் கேவியட் மனு போடலாம். அது 90 நாள் உயிரோடு இருக்கும்.

சாவி கொடுக்கும் நாள்

காலி செய்வதென்று முடிவானபின் சாவியைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டுப் போகாதீர்கள். மின் மீட்டர் அளவு, கட்டிய கடைசி வாடகை, ஒப்படைத்த சாவிகளின் எண்ணிக்கை, தேதி ஆகியவற்றை எழுதி வீட்டுக்காரரிடம் கையெழுத்து வாங்குங்கள். உரிய பிடித்தம் போக மீதி அட்வான்ஸை, காலி செய்த ஒரு மாதத்துக்குள் திருப்பித் தர வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. அந்த ஒரு மாதத்தை எண்ணத் தொடங்கும் நாள் எது என்று காட்டப் போவது அந்தச் சீட்டுத்தான்.